பூரணம் வைத்த பன்னும் பின்கட்டில் ஒளிந்த இந்தியரும்

நம் குடியிருப்பின் குழந்தைகளிடம் ‘டோரா கேக்’ என்றால் என்னவென்று கேட்டுப் பாருங்கள். தொலைக்காட்சியில் வரும் டோரேமான் என்ற நீலப் பூனை ஆசையாய்ச் சாப்பிடும் பலகாரம் என்று உடனே சொல்லிவிடுவார்கள். ஜப்பானில் அதன் பெயர் தோராயாகி. உள்ளங்கை அளவுள்ள இரண்டு மெத்தென்ற வட்ட அடைகள், நடுவே இனிப்பான சிவப்புப் பயறு விழுது. இப்போது நாம் பார்க்கும் இந்த இரட்டை அடை வடிவம் 1914இல் தோக்கியோவின் உவேனோ பகுதியில் உசாகியா என்ற மிட்டாய்க் கடையில் பிறந்ததாகச் சொல்கிறார்கள்.

பயற்றில் இனிப்பா என்று ஐரோப்பியர் முகம் சுளிக்கலாம். நமக்கு அது புதிதல்ல. காரடையான் நோன்பு அடையில் காராமணியும் வெல்லமும்தானே போடுகிறோம்? நவராத்திரிக்கு வெல்லச் சுண்டல், போகிக்குப் பருப்புப் போளி, தீபாவளிக்குச் சுழியன் என்று வருடம் முழுக்க நாம் செய்வதும் அதுவேதான். ஜப்பானியரின் சிவப்புப் பயற்றுக்கு அஸுகி என்று பெயர். நம் காராமணி, உளுந்து, பாசிப்பயறு எல்லாம் எந்தத் தாவரப் பேரினமோ, அஸுகியும் அதே ‘விக்னா’ பேரினம்தான். ஆக, பங்காளி முறை.

இந்தப் பலகாரத்தைப் பற்றி நம் காலாண்டிதழில் எழுதக் காரணம் உண்டு. அடுத்த பொதுக்குழுவில் வாடகைக்கு வருவோர் பற்றிய ஒரு தீர்மானம் வரவிருக்கிறது என்பது உங்களுக்குத் தெரியும். ‘தெரிந்தவர் மூலம் வருகிறவர்களுக்கு மட்டுமே வீடு’ என்பது அதன் சாரம். பயறு பூரணத்தின் வரலாற்றைப் படிக்கப் படிக்க, அது முழுக்க முழுக்க வெளியூரிலிருந்து வந்தவர்களின் கதையாகவே எனக்குப் பட்டது. படித்துவிட்டு நீங்களே முடிவு செய்யுங்கள்.

சீனத்திலிருந்து வந்தவர்

முதலில் வந்தவர் ஒரு சீனர். ஜப்பானிய மொழியில் அவர் பெயர் ரின் ஜோயின். சீனாவில் படித்துவிட்டு ஊர் திரும்பிய ஜப்பானிய ஜென் துறவி ஒருவரைத் தொடர்ந்து, 1349ஆம் ஆண்டு வாக்கில் அவர் ஜப்பானின் நாரா நகருக்கு வந்து குடியேறியதாக வரலாறு. சீனாவில் இறைச்சி வைத்து ஆவியில் வேகவைக்கும் உருண்டைகள் உண்டு. நாராவிலோ அவரைச் சுற்றி இருந்தவர்கள் புலால் உண்ணாத துறவிகள். எனவே அவர் இறைச்சியை எடுத்துவிட்டு, வேகவைத்து மசித்த சிவப்புப் பயற்றை உள்ளே வைத்தார். அதுதான் ‘மஞ்சு’. ஏறக்குறைய நம் கொழுக்கட்டை.

அவருடைய பலகாரம் அரண்மனை வரை போனது. பேரரசர் அவருக்கு அரண்மனைப் பெண் ஒருத்தியை மணமுடித்து வைத்தார் என்றும், திருமணத்தன்று அவர் சிவப்பும் வெள்ளையுமாக மஞ்சு செய்து அக்கம்பக்கத்தாருக்கு வழங்கினார் என்றும் அவர் வழிவந்த ஷியோசே என்ற கடையினர் சொல்கிறார்கள். அந்தக் கடை இன்றும் தோக்கியோவில் நடக்கிறது. நாராவில் ரின் ஜோயினுக்கு ஒரு சிறு கோயிலே இருக்கிறது. ஏப்ரல் 19 அன்று மிட்டாய்க்காரர்கள் அங்கே மஞ்சு படைத்து விழா எடுக்கிறார்கள். பலகாரம் செய்தவருக்குக் கோயில் கட்டிய ஊர் அது.

அப்போது ஜப்பானில் சர்க்கரை மிக அரிது. நெடுங்காலம் அது மருந்துச் சரக்கு போல வெளிநாட்டிலிருந்துதான் வந்தது. பின்னாளில் நாகசாகி துறைமுகத்துக்கு டச்சு, சீனக் கப்பல்களில் சர்க்கரை வரத் தொடங்கி, 18ஆம் நூற்றாண்டில் உள்நாட்டிலும் கரும்பு பயிராகிய பிறகுதான் இனிப்பான பயறு விழுது சாதாரண மக்களுக்கும் எட்டியது. அந்த நூற்றாண்டின் பிற்பகுதியில், எடோ நகரில் (இன்றைய தோக்கியோ) இமாகாவா பாலத்தருகே குழியுள்ள இரும்பு அச்சில் மாவை ஊற்றி, நடுவே பூரணம் வைத்துச் சுட்டு விற்றார்கள். அதற்கு இமாகாவாயாகி என்று பெயர். நம் பணியாரக் கல்லைக் கொஞ்சம் பெரிதாக்கினால் அந்த அச்சு வந்துவிடும். அதையே மீன் வடிவ அச்சில் சுட்டால் தாயாகி.

52 வயதில் ஒரு பேக்கரி

இரண்டாவதாக வந்தது ரொட்டி. 16ஆம் நூற்றாண்டில் போர்ச்சுகீசியர் அதைக் கொண்டு வந்தார்கள். அவர்கள் சொன்ன ‘பாவ்’ என்ற சொல்தான் ஜப்பானில் ‘பான்’ ஆயிற்று. இலங்கைத் தமிழர் ரொட்டியைப் ‘பாண்’ என்பதும் அதே போர்ச்சுகீசியர் விட்டுச் சென்றதுதான். நாம் சாவி, ஜன்னல், அலமாரி என்கிறோமே, அவையும் அவர்கள் தந்தவையே. நாம் வீட்டைப் பூட்டும் சொல்லே வெளியூரிலிருந்து வந்ததுதான்!

ஆனால் முந்நூறு ஆண்டுகள் ஆகியும் சாதாரண ஜப்பானியர் ரொட்டியை விரும்பவில்லை. சோறு தின்று பழகிய வாய்க்கு அது புளித்த, வறண்ட பண்டமாகப் பட்டிருக்கும். அதை மாற்றியவர் கிமுரா யசுபே.

இவர் கதை நம்மைப் போன்ற ஓய்வு பெற்றவர்கள் கவனிக்க வேண்டியது. 1817இல் பிறந்தவர். சாமுராய் வகுப்பைச் சேர்ந்தவர். 1868இல் மெய்ஜி ஆட்சி மாற்றம் வந்ததும் பழைய ஏற்பாடுகள் சரிந்தன. சாமுராய்களின் பரம்பரை உத்தியோகமும் படியும் போய்விட்டன. வாள் பிடித்த வகுப்பார் பலர் வயிற்றுப்பாட்டுக்கு வழி தேடி அலைந்தார்கள். கிமுரா 1869இல், தம் 52ஆம் வயதில், தோக்கியோவில் ரொட்டிக் கடை வைத்தார். கடைக்கு ‘புன்எய்தோ’ என்று பெயர். மனைவி பெயரில் ஓர் எழுத்து, மகன் எய்சபுரோ பெயரில் ஓர் எழுத்து. விரைவில் கடை தீயில் எரிந்தது. வேறு இடத்தில் ‘கிமுராயா’ என்று பெயர் மாற்றித் திறந்தார். 1872இல் கின்ஸா வட்டாரத்தையே அழித்த பெருந்தீயிலும் தப்பவில்லை. மறுபடி தொடங்கினார். இந்த வயதில், இந்தக் கணக்கில், எந்த வங்கியும் இவருக்குக் கடன் கொடுத்திருக்குமா என்று முன்னாள் வங்கிக் குமாஸ்தாவாக யோசித்துப் பார்க்கிறேன்.

ரொட்டி உப்ப ஈஸ்ட் வேண்டும். அது அப்போது ஜப்பானில் எளிதில் கிடைக்காது. அப்பாவும் மகனும் சாக்கே என்ற அரிசி மது தயாரிக்கும் புளிப்பை எடுத்து மாவில் சேர்த்துப் பார்த்தார்கள். நம் ஊரில் ஆப்ப மாவுக்குக் கள் ஊற்றிப் புளிக்க வைப்பார்களே, அதே யுக்தி. மாவு மெதுவாகத்தான் உப்பும். ஆனால் பன் மென்மையாகவும் லேசான அரிசி மணத்துடனும் வந்தது. அதற்குள் மஞ்சுவின் பயறு பூரணத்தை வைத்தார்கள். 1874இல் விற்பனைக்கு வந்தது. பயறு விழுதுக்கு ஜப்பானியச் சொல் ‘அன்’. ரொட்டிக்குப் ‘பான்’. இரண்டும் சேர்ந்து ‘அன்பான்’. தமிழில் எழுதினால் உள்ளே அன்பு ஒளிந்திருப்பது தற்செயல்தான், ஆனால் பார்க்க நன்றாக இருக்கிறது.

மறு ஆண்டு, 1875 ஏப்ரல் 4 அன்று, பேரரசர் மெய்ஜி செர்ரிப் பூக்களைக் காண முகோஜிமாவில் உள்ள ஒரு மாளிகைக்குச் சென்றார். அவருடைய பணியில் இருந்த யமாஓகா தெஷ்ஷு என்ற புகழ்பெற்ற வாள்வீரருக்குக் கிமுராவின் பன் மிகவும் பிடிக்கும். அதைப் பேரரசருக்கு அளிக்க அவர் ஏற்பாடு செய்தார். பருவத்துக்கு ஏற்ப, உப்பில் ஊறிய செர்ரிப் பூ ஒன்றை ஒவ்வொரு பன்னின் தொப்புளிலும் அழுத்தி வைத்தார் கிமுரா. அந்த உப்பு, பூரணத்தின் இனிப்பைத் தூக்கிக் காட்டியது. பாயசத்தில் ஒரு சிட்டிகை உப்புப் போடும் நம் வீட்டுப் பெண்களுக்கு இந்த ரகசியம் தெரியும். பேரரசருக்கும் அரசிக்கும் பிடித்துப் போனது. ரொட்டியைத் தொடாத மக்கள் அதன் பிறகு வரிசையில் நின்றார்கள். ஏப்ரல் 4 இன்றும் அங்கே ‘அன்பான் நாள்’. கின்ஸாவில் கிமுராயா இன்றும் இருக்கிறது.

ரொட்டியை ஜப்பானியருக்குப் பிடிக்க வைத்தது அவர்கள் நன்கு அறிந்த பயறுதான். நம் ஊர் டீக்கடைத் தேங்காய் பன்னும் அப்படித்தானே! வெளியே வெள்ளைக்காரன் பன், உள்ளே நம்முடைய தேங்காய்.

பேக்கரியின் பின்கட்டு

மூன்றாவதாக வந்தவர் ஓர் இந்தியர்.

தோக்கியோவில் 1901இல் ஸோமா அய்ஸோ, கொக்கோ என்ற தம்பதியர் நகமுராயா என்ற சிறு ரொட்டிக் கடையை விலைக்கு வாங்கினார்கள். இருவருக்கும் அதற்கு முன் ரொட்டித் தொழில் தெரியாது. 1904இல், அன்பானில் பயற்றுக்குப் பதில் பால் முட்டைக் கிரீமை வைத்து ‘கிரீம் பான்’ செய்தார்கள். அது நாடெங்கும் பரவியது. 1909இல் கடை ஷின்ஜுகு ரயில் நிலையத்துக்கு அருகே இன்றைய இடத்துக்கு வந்தது.

இந்த இடத்தில் டேராடூனுக்குப் போக வேண்டும். அங்கே வன ஆராய்ச்சி நிலையத்தில் குமாஸ்தாவாக இருந்தவர் ராஷ் பிஹாரி போஸ், வங்காளி. 1912 டிசம்பர் 23 அன்று டெல்லி சாந்தினி சௌக்கில் வைஸ்ராய் ஹார்டிஞ்ச் பிரபு யானை மீது ஊர்வலம் வந்தபோது குண்டு வீசப்பட்டது. அதன் பின்னணியில் இருந்தவர் இந்தக் குமாஸ்தா. 1915இல் ராணுவத்தில் கலகம் மூட்ட அவர் செய்த ஏற்பாடு காட்டிக் கொடுக்கப்பட்டது. கூட்டாளிகள் பலர் தூக்கில் ஏறினார்கள். அவர் ரவீந்திரநாத் தாகூரின் உறவினர் என்று பெயர் மாற்றிச் சொல்லிக்கொண்டு, அந்த ஆண்டு மே மாதம் கல்கத்தாவிலிருந்து ஜப்பானியக் கப்பலில் ஏறித் தப்பினார்.

ஜப்பான் அப்போது பிரிட்டனின் நட்பு நாடு. பிரிட்டிஷ் அரசு நெருக்கியது. டிசம்பர் 2க்குள் போஸும் அவருடைய நண்பர் ஹேரம்பலால் குப்தாவும் நாட்டை விட்டு வெளியேற வேண்டும் என்று ஜப்பான் அரசு உத்தரவிட்டது. வெளியேறினால் கப்பல் ஷாங்காய் வழியாகவோ ஹாங்காங் வழியாகவோ போகும். அங்கே பிரிட்டிஷ் போலீஸ் காத்திருக்கும். அதற்குப் பிறகு தூக்குக் கயிறுதான்.

பத்திரிகையில் இதைப் படித்த ஸோமா அய்ஸோ, கடைக்கு ரொட்டி வாங்க வந்த ஒரு பத்திரிகைக்காரரிடம் அரசின் செயலைக் கண்டித்துப் பேசினார். எங்கள் கடை மாதிரி இடத்தில் ஒளித்து வைத்தால் யாருக்கும் சந்தேகம் வராது என்றும் சொன்னார். கல்லாவில் நின்று பேசிய பேச்சு. ஆனால் அது போஸுக்கு ஆதரவாய் நின்ற தோயாமா மித்ஸுரு என்ற செல்வாக்குள்ள தேசியவாதியின் காதுக்குப் போய்ச் சேர்ந்தது. கெடு முடியும் முந்தைய இரவு, விடைபெறுவது போலத் தோயாமாவின் வீட்டுக்குப் போன போஸும் குப்தாவும், வாசலில் போலீஸ் காத்திருக்க, பின்வழியாக வெளியேறிக் காரில் ஷின்ஜுகு போய்ச் சேர்ந்தார்கள்.

கடையின் பின்கட்டில் ஓவியர் ஒருவர் வேலை செய்த கூடம் இருந்தது. அதில்தான் அவர்களை ஒளித்து வைத்தார்கள். அய்ஸோ கடை ஊழியர்களைக் கூட்டி உண்மையைச் சொன்னார். யாரும் வாய் திறக்கவில்லை. கொக்கோவுக்கு ஆங்கிலம் தெரியும் என்பதால் அவர்தான் பேச்சுத் துணை. முன்பக்கம் அன்பானும் கிரீம் பானும் விற்பனை, பின்பக்கம் தேடப்படும் இரண்டு இந்தியர்கள். போஸ் அங்கே ஏறத்தாழ நான்கு மாதங்கள் இருந்தார். 1916இல் வெளியேற்றும் உத்தரவு கைவிடப்பட்டது. ஆனாலும் பிரிட்டிஷ் உளவாளிகளுக்குப் பயந்து அவர் வீடு மாற்றிக்கொண்டே இருந்தார். வெளியுலகோடு தொடர்புக்கு நம்பகமான ஒருவர் கூடவே வேண்டியிருந்தது. தோயாமா, ஸோமாவின் மூத்த மகள் தோஷிகோவைக் கேட்டார். அவள் யோசித்துச் சம்மதித்தாள். 1918இல் திருமணம். ஒரு மகன், ஒரு மகள். ஓடி ஒளிந்த வாழ்க்கையின் களைப்பு தோஷிகோவை விடவில்லை. 1925இல் 30 வயதைத் தொடாமலே இறந்துபோனாள்.

மாமனார் வீட்டுக்கு ஏதாவது செய்ய வேண்டும் என்று போஸுக்கு எண்ணம். 1927இல் நகமுராயா சிற்றுண்டிச்சாலை தொடங்கியபோது, மாவு கரைத்து ஊற்றிய ஆங்கிலேயப் பாணிக் குழம்புக்குப் பதில் மசாலா அரைத்த உண்மையான இந்தியக் கோழிக் குழம்பைச் சொல்லிக் கொடுத்தார். மற்ற இடங்களில் 10, 12 சென் விற்ற குழம்பு சாதம் இங்கே 80 சென். ஆனாலும் கூட்டம் குறையவில்லை. அதே ஆண்டில்தான் இந்தக் கடை, சீனா போய் வந்த அனுபவத்தில், பயறு பூரணமும் இறைச்சிப் பூரணமும் வைத்து ஆவியில் வெந்த உருண்டைகளையும் விற்பனைக்குக் கொண்டு வந்தது. இறைச்சியை நீக்கிப் பயறு வைத்த ரின் ஜோயினின் பண்டம் ஒரு சுற்றுச் சுற்றிப் பழைய உறவோடு சேர்ந்துகொண்டது. போஸின் குழம்பு இன்றும் நகமுராயாவில் கிடைக்கிறது.

தமிழருக்கு என்ன தொடர்பு?

1942 ஜூனில் பாங்காக்கில் கூடிய இந்திய சுதந்திர லீக் மாநாட்டுக்குத் தலைமை தாங்கியவர் இதே ராஷ் பிஹாரி போஸ். 1943 ஜூலை 4 அன்று சிங்கப்பூர் கத்தே அரங்கில் அவர் லீக்கின் தலைமையை நேதாஜியிடம் ஒப்படைத்தார். அந்தப் படையில் சேர்ந்த மலாயாத் தமிழர்கள், ரப்பர் தோட்டத் தொழிலாளர்கள், ஜான்சி ராணிப் படையின் பெண்கள் பலர். நம்மில் சிலர் குடும்பங்களில் அந்த நினைவு இன்னும் இருக்கும்.

இதையும் சொல்லாமல் விட்டால் நியாயமில்லை. அதே ஆண்டுகளில்தான் ஜப்பானிய ராணுவம் மலாயாவிலிருந்து தமிழ்த் தொழிலாளர்களைச் சயாம்–பர்மா ரயில் பாதை போடக் கொண்டுபோனது. காலராவிலும் பசியிலும் அடியிலும் பல்லாயிரம் பேர் மாண்டார்கள். போஸின் மகன் மசஹிதேயும் 1945இல் ஒகினாவா போரில் பலியானார். அதே ஆண்டு ஜனவரியில் போஸும் இறந்தார். சுதந்திரத்தை அவர் பார்க்கவில்லை.

எனவே ஜப்பான் நமக்கு அடைக்கலம் தந்தது என்று நான் சொல்ல மாட்டேன். வெளியேற்றும் உத்தரவில் கையெழுத்திட்டது ஜப்பான் அரசு. கதவைத் திறந்தது ஒரு ரொட்டிக் கடைக்காரர், அவர் மனைவி, அவர்களிடம் சம்பளம் வாங்கிய சில ஊழியர்கள். போஸை அவர்களுக்கு யாரும் அறிமுகம் செய்து வைக்கவில்லை. அவர் மொழியும் தெரியாது, ஊரும் தெரியாது.

நம் தீர்மானத்துக்கு வருகிறேன். முகப்பேரில் இன்று நமக்குத் தண்ணீர்க் குழாய் சரிசெய்பவரும், லிப்ட் பழுது பார்ப்பவரும், ஓட்டலில் பரிமாறும் பையன்களும் பல மாநிலத்தார். நாமே அண்ணா நகர் மேற்கைத் தாண்டி இங்கே முதலில் வந்தபோது எத்தனை பேருக்குத் தெரிந்தவர்களாக வந்தோம்? அடையாள அட்டை கேளுங்கள், ஒப்பந்தம் எழுதுங்கள், காவல் நிலையத்தில் வாடகைதாரர் விவரம் கொடுங்கள். வங்கியில் இருந்தவன் என்ற முறையில் காகிதம் சரியாக இருக்க வேண்டும் என்பதில் எனக்கு மாற்றுக் கருத்தில்லை. ஆனால் ‘தெரிந்தவர் மூலம் மட்டும்’ என்ற வரியை எடுத்துவிட வேண்டும் என்பதே என் கருத்து. பொதுக்குழுவிலும் அப்படித்தான் கை தூக்குவேன்.

வீட்டில் செய்து பார்க்க

அஸுகி கிடைக்காவிட்டால் சிவப்புக் காராமணி போதும். ஒரு கப் காராமணியை ஆறு மணி நேரம் ஊறவைத்து, முதல் கொதியின் தண்ணீரைக் கொட்டிவிட்டு (துவர்ப்புப் போய்விடும்), புதுத் தண்ணீரில் குக்கரில் நாலைந்து விசில் விடுங்கள். தண்ணீரை வடித்து மசித்து, முக்கால் கப் சர்க்கரை, ஒரு சிட்டிகை உப்புச் சேர்த்து, போளிப் பூரணம் போலச் சுருளக் கிளறி ஆறவிடுங்கள். இரண்டு கப் மைதா, ஒரு தேக்கரண்டி உலர் ஈஸ்ட், இரண்டு மேசைக்கரண்டி சர்க்கரை, அரைத் தேக்கரண்டி உப்பு, இரண்டு மேசைக்கரண்டி வெண்ணெய், முக்கால் கப்புக்குச் சற்றுக் குறைவாக வெதுவெதுப்பான பால் சேர்த்துப் பத்து நிமிடம் நன்றாகப் பிசைந்து மூடி வையுங்கள். சென்னை வெயிலில் ஒரு மணி நேரத்தில் மாவு இரட்டிப்பாகும். எட்டு உருண்டைகளாக்கி, கொழுக்கட்டைக்குச் செய்வது போலக் கிண்ணம் செய்து பூரணம் வைத்து மூடி, மூடிய பக்கம் கீழே இருக்கும்படி அரை மணி நேரம் விடுங்கள். நடுவில் விரலால் ஒரு குழி அழுத்தி, மேலே பால் தடவி, 180 டிகிரியில் 15 நிமிடம். முட்டை தேவையில்லை.

எட்டில் நான்கு உங்கள் வீட்டுக்கு. மற்ற நான்கையும் உங்கள் தளத்தில் இதுவரை நீங்கள் பேசியிராத வீட்டுக்குக் கொண்டுபோய்க் கொடுங்கள்.